புல் நகானோ: வில்லியாகவே நின்று வாகை சூடியவர் (கேள்வி பதில்)

ஜப்பானியப் பெண்கள் தொழில்முறை மல்யுத்தத்தில் 1983 முதல் 1997 வரை களமாடிய புல் நகானோவைப் பற்றி வாசகர்கள் அனுப்பிய கேள்விகளையும் அவற்றுக்கான என் பதில்களையும் கீழே தந்திருக்கிறேன். ஒரே பொருளைத் தொட்ட கேள்விகளை ஒன்றாகச் சேர்த்துள்ளேன்.

கேள்வி: ஐயா, புல் நகானோ மல்யுத்தத்துக்கு எப்படி வந்தார்? எந்த வயதில் தொடங்கினார்?

அவருடைய இயற்பெயர் கெய்கோ நகானோ. 1968 ஜனவரி 8 அன்று பிறந்தவர். டோக்கியோவை ஒட்டிய சைதாமா மாநிலத்தின் கவாகுச்சியைச் சேர்ந்தவர். சிறுமியாக இருந்தபோது புகழ்பெற்ற ஆண் மல்யுத்த வீரர் அன்டோனியோ இனோகியின் ரசிகை. ஆல் ஜப்பான் விமன்ஸ் புரோ ரெஸ்லிங் என்ற நிறுவனத்தின் தேர்வில் வென்று பயிற்சிக்குச் சேர்ந்தார். 1983 செப்டம்பரில், 15 வயதில், முதல் போட்டியில் இறங்கினார். பதினைந்து வயது என்பது நமக்கு வியப்பாக இருக்கலாம். அந்த நிறுவனத்தில் அதுவே வழக்கமான வயது. நடுநிலைப் பள்ளியை முடித்த கையோடு வந்து சேர்ந்தவர்கள்தாம் பெரும்பாலோர்.

கேள்வி: அந்த நிறுவனத்தைப் பற்றிச் சற்று விரிவாகச் சொல்ல முடியுமா? ஆண்களின் நிறுவனத்துக்குள் இருந்த ஒரு பெண்கள் பிரிவா அது?

இல்லை. அது முழுக்க முழுக்கப் பெண்கள் மட்டுமே களமாடிய தனி நிறுவனம். மத்சுனாகா சகோதரர்கள் 1968இல் அதைத் தொடங்கினார்கள். ஃபுஜி தொலைக்காட்சி அதன் போட்டிகளை ஒளிபரப்பியது. 1970களின் நடுவில் ஜாக்கி சாத்தோவும் மாக்கி உவெதாவும் சேர்ந்த ‘பியூட்டி பேர்’ இணை பாட்டுப் பாடிக்கொண்டே மல்யுத்தம் செய்து பள்ளி மாணவிகளின் பேராதரவைப் பெற்றது. அந்த அலை ஓய்ந்த பிறகு, 1980களில் சிகுசா நாகாயோவும் லயனஸ் ஆஸ்காவும் ‘கிரஷ் கேர்ள்ஸ்’ என்ற பெயரில் அதைவிடப் பெரிய அலையை எழுப்பினார்கள். அரங்குகளை நிறைத்தவர்கள் ஆண்கள் அல்லர், பதின்பருவப் பெண்கள். தம் நாயகிகள் அடிபடும்போது அவர்கள் அரங்கிலேயே கதறி அழுதார்கள்.

உள்ளே வாழ்க்கை கடுமையானது. மது, புகை, ஆண் நட்பு ஆகிய மூன்றும் இளையவர்களுக்குத் தடை செய்யப்பட்டிருந்தன. ஆண்டுக்கு இருநூறுக்கும் மேற்பட்ட நிகழ்ச்சிகளுக்காக ஊர் ஊராகப் பேருந்தில் போவார்கள். புதிதாகச் சேர்ந்தவர்கள் களத்தைப் பூட்டுவதும் கழற்றுவதும், மூத்தவர்களின் துணிகளைத் துவைப்பதும், கடைசியாகத் தம் போட்டியில் இறங்குவதும் என ஒரு நாளைக் கழிக்க வேண்டும். இருபத்தைந்து வயதானால் ஓய்வு பெற்றுவிட வேண்டும் என்ற எழுதப்படாத விதியும் இருந்தது. இந்த விதியை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். புல் நகானோவின் வாழ்க்கையைப் புரிந்துகொள்ள இது தேவைப்படும்.

கேள்வி: பழைய படங்களில் அவர் தலையில் ஒரு பாதி மழிக்கப்பட்டும் மறுபாதியில் முடியோடும் தெரிகிறார். அது அவராகத் தேர்ந்தெடுத்த தோற்றமா?

தொடக்கத்தில் அவராகத் தேர்ந்தெடுத்தது அல்ல. அவர் நல்லவர் பக்கம் நிற்கும் வீராங்கனையாக வேண்டும் என்றே விரும்பினார். ஆனால் அவருடைய உடல்வாகையும் திறமையையும் கண்ட டம்ப் மட்சுமோட்டோ, தம்முடைய வில்லிகள் கூட்டமான ‘கொகுஆகு தோமெய்’யில் அவரைச் சேர்த்துக்கொண்டார். டம்ப் அந்தக் காலத்து ஜப்பானில் மிக அதிகமாக வெறுக்கப்பட்ட பெண் என்று சொன்னால் மிகையாகாது. கிரஷ் கேர்ள்ஸின் பரம எதிரி அவர்தாம். சைக்கிள் சங்கிலியும் மூங்கில் வாளும் முட்கரண்டியும் அவர் கையில் இருக்கும். அவர் கூட்டத்தில் சேருவது என்பது நாட்டின் பள்ளி மாணவிகள் அனைவரும் தன்னை வெறுக்க ஒப்புக்கொள்வதாகும்.

இளம் கெய்கோவின் தலையில் பாதியை மழித்தவர் டம்ப்தான். பதினேழு வயதுப் பெண் ஒருத்திக்கு அது என்னவாக இருந்திருக்கும் என்று நினைத்துப் பாருங்கள். சாலையில் இறங்கி நடக்க முடியாது, வீட்டுக்குப் போக முடியாது, பழைய தோழிகளைப் பார்க்க முடியாது. இனி சாதாரணப் பெண்ணாகத் திரும்ப வழியில்லை என்பதை அந்த மழித்த பாதித் தலையே ஒவ்வொரு நாளும் அவருக்குச் சொல்லியிருக்கும். அந்த வேடத்தை ஏற்க வேண்டி வந்ததற்காக அழுததைப் பிற்காலத்தில் அவர் மறைக்கவில்லை. ‘புல்’ (ஆங்கிலத்தில் காளை) என்ற பெயரும் அந்தக் காலத்தில் வந்து சேர்ந்ததுதான்.

கேள்வி: 1985இல் நாகாயோவின் தலை மழிக்கப்பட்ட அந்தப் புகழ்பெற்ற போட்டியில் நகானோவும் இருந்தாரா?

1985 ஆகஸ்ட் 28 அன்று ஒசாகா-ஜோ அரங்கில் டம்ப் மட்சுமோட்டோவும் சிகுசா நாகாயோவும் மோதிய போட்டி அது. தோற்றவர் தலையை மழித்துக்கொள்ள வேண்டும். நாகாயோ தோற்றார். அரங்கமே அழ, அவர் தலை அங்கேயே மழிக்கப்பட்டது. அந்தப் பகையில் நகானோ டம்பின் பக்கத்தில் நின்ற இளைய துணை மட்டுமே. 1986இல் டம்போடு சேர்ந்து அமெரிக்காவில் டபிள்யூடபிள்யூஎஃப் (இன்றைய டபிள்யூடபிள்யூஇ) நிறுவனத்தின் களத்திலும் சிறிது காலம் மோதினார்.

கேள்வி: டம்ப் ஓய்வு பெற்ற பிறகு நகானோ நல்லவர் பக்கம் மாறியிருக்கலாமே? ஏன் மாறவில்லை?

இந்தக் கேள்வியைக் கேட்டவருக்கு நன்றி. புல் நகானோவைப் பற்றி நான் சொல்ல விரும்புவதில் பெரும்பகுதி இதற்கான பதிலில்தான் இருக்கிறது.

டம்ப் 1988 பிப்ரவரியில் விடைபெற்றார். 1989 மே மாதத்தில் யோகோஹாமா அரீனாவில் நாகாயோவும், அதே ஆண்டில் லயனஸ் ஆஸ்காவும் விலகினார்கள். ஒன்றரை ஆண்டுக்குள் நிறுவனத்தின் நாயகிகளும் போய்விட்டார்கள், பெரிய வில்லியும் போய்விட்டார். பள்ளி மாணவிகளின் கூட்டம் கரைந்தது. தொலைக்காட்சியின் கவனமும் குறைந்தது. அப்படிப்பட்ட நேரத்தில் வழக்கமாக நிறுவனங்கள் செய்வது, இன்னொரு அழகிய இணையைக் கண்டுபிடித்துப் பாடவைத்து அதே அலையை மறுபடி எழுப்ப முயல்வதுதான்.

நடந்தது வேறு. 1990 ஜனவரி 4 அன்று, ‘சிவப்பு பெல்ட்’ என்று ரசிகர்கள் அழைத்த டபிள்யூடபிள்யூடபிள்யூஏ உலகப் பட்டம் காலியாக இருந்த நிலையில், அதை வென்றவர் புல் நகானோ. நிறுவனத்தின் உச்சப் பட்டம் வில்லியின் இடுப்பில் ஏறியது. அதோடு ஏறக்குறைய மூன்று ஆண்டுகள், துல்லியமாகச் சொன்னால் 1,057 நாட்கள், அது அங்கேயே இருந்தது. அவர் முகப்பூச்சைக் கழுவவில்லை. சங்கிலியால் இணைத்த இரட்டைத் தடியான நுன்சாக்குவைக் கீழே வைக்கவில்லை. தலைமுடியை இன்னும் உயரமாக நட்டு நிறுத்தினார். உதட்டுக்கு இன்னும் இருண்ட நிறம் தீட்டினார். இருந்தும் பார்வையாளர்களின் மனம் அவர் பக்கம் சாய்ந்தது. அவர் ஏமாற்றியோ துணைக்கு ஆள் கூட்டியோ ஜெயிப்பதைப் படிப்படியாகக் குறைத்துக்கொண்டு, எதிரே நிற்பவரின் முழுத் திறமையையும் வெளியே இழுத்து, பின்பு அதைத் தம் பலத்தால் வெல்லும் வீராங்கனையாக வளர்ந்ததே அதற்குக் காரணம்.

நல்லவளாக நடித்து அன்பைச் சம்பாதிப்பது ஒரு வழி. பயத்தை மதிப்பாக மாற்றுவது அதைவிடக் கடினமான வழி. டம்ப் செய்ய முடியாததை அவருடைய சீடர் செய்தார். டம்பின் காலத்தில் வில்லி என்பவள் நாயகி ஒளிர்வதற்காக இருந்த இருட்டு. நகானோவின் காலத்தில் வில்லியே நிறுவனத்தைத் தாங்கிய தூண். அதன் பிறகு வந்த எல்லாப் பெரிய உடல்வாகு கொண்ட வீராங்கனைகளுக்கும் அந்த வழி திறந்தே இருந்தது.

கேள்வி: அவருடைய மிகப் பெரிய போட்டி எது? கூண்டின் மேலிருந்து குதித்தது உண்மைதானா?

உண்மைதான். 1990 நவம்பர் 14, யோகோஹாமா பண்பாட்டு உடற்பயிற்சி அரங்கம். எதிரே நின்றவர் அஜா காங்.

அஜாவைப் பற்றி முதலில் சொல்லிவிடுகிறேன். 1970இல் டோக்கியோவின் தச்சிகாவாவில் பிறந்தவர். தாய் ஜப்பானியர், தந்தை அமெரிக்கப் படையைச் சேர்ந்த கறுப்பினத்தவர். அவரும் வில்லிகளின் கூட்டத்தில்தான் வளர்ந்தார். டம்ப் போன பின் நகானோ தலைமையேற்ற ‘கொகுமொன்தோ’ அணியிலும் இருந்தார்; நகானோவுக்கு இளையவர். பின்னர் பைசன் கிமுராவோடு பிரிந்துபோய் ‘ஜங்கிள் ஜாக்’ என்ற தனி அணியை அமைத்துக்கொண்டு மூத்தவரையே எதிர்க்கத் துணிந்தார். ஆக, இந்தப் பகையில் நல்லவர் என்று ஒருவரும் இல்லை. வில்லிக்கு எதிராக வில்லி. ஒரே பள்ளியில் படித்த இருவர். ஒருவர் மற்றவரின் ஒவ்வொரு தந்திரத்தையும் அறிந்தவர்.

களத்தைச் சுற்றிலும் கம்பிவலைக் கூண்டு, மேற்கூரை கிடையாது. யார் கூண்டை விட்டு வெளியேறுகிறாரோ அவருக்கே வெற்றி. இருவர் முகத்திலும் இரத்தம் வழிந்தது. இறுதியில் அஜா களத்தின் நடுவே மல்லாந்து கிடக்க, நகானோ கூண்டின் உச்சியில் ஏறி நின்றார். அங்கிருந்து அப்படியே வெளிப்பக்கம் இறங்கியிருந்தால் வெற்றி அவருக்குத்தான். அவர் உட்பக்கம் திரும்பிக் குதித்து, தம் காலை அஜாவின் மேல் இறக்கினார். அதன் பிறகே எழுந்து, மறுபடியும் ஏறி, வெளியேறி வென்றார்.

அந்தத் தாக்குதலுக்குக் கில்லட்டின் லெக் டிராப் என்று பெயர். பார்ப்பவர்களுக்கு அடி வாங்குபவர்தான் ஆபத்தில் இருப்பதாகத் தோன்றும். ஆனால் குதிப்பவர் தம் பிட்டத்தின் மேல் விழுகிறார். முழு எடையும் வால் எலும்பு வழியாக முதுகுத்தண்டில் ஏறுகிறது. களத்தின் தரையிலிருந்தே எம்பி இதைச் செய்துவந்த அமெரிக்க வீரர் ஹல்க் ஹோகன், தம் இடுப்பும் முதுகும் கெட்டதற்கு இந்த ஓர் அடியையே காரணமாகச் சொன்னார். நகானோவோ நூறு கிலோவை நெருங்கிய உடலோடு, கயிற்றைவிட எவ்வளவோ உயரமான கூண்டின் உச்சியிலிருந்து அதைச் செய்தார். வெளியே இறங்கினாலே வெற்றி கிடைக்கும் என்ற நிலையில் உள்ளே குதித்ததுதான் எனக்கு அந்தப் போட்டியின் உயிர். வெற்றி மட்டும் போதாது, அஜாவைத் தீர்த்துவிட்டே போக வேண்டும் என்ற பாத்திரத்தின் வெறி, ஒரு வசனம்கூட இல்லாமல், அந்தத் திரும்புதலில் தெரிகிறது.

அடுத்த ஜனவரியில் கவாசாகியில் நகானோவும் கியோகோ இனோவேயும் ஒரு பக்கம், அஜாவும் பைசனும் மறுபக்கம் என்று தலைமுடியைப் பணயம் வைத்து மோதினார்கள். அஜாவும் பைசனும் தோற்றுத் தலைமுடியை இழந்தார்கள்.

கேள்வி: இதெல்லாம் முன்பே முடிவு செய்யப்பட்டதுதானே? அப்படியிருக்கும்போது ‘வீராங்கனை’, ‘வெற்றி’ என்றெல்லாம் சொல்வது பொருந்துமா?

பெரிய போட்டிகளின் முடிவுகள் முன்பே தீர்மானிக்கப்பட்டவைதாம். உலகின் எந்த மூலையிலும் தொழில்முறை மல்யுத்தம் அப்படித்தான் நடக்கிறது. ஆனால் இந்த நிறுவனத்துக்கென்று ஒரு தனி வழக்கம் இருந்ததை அங்கிருந்த பலர் பிற்காலப் பேட்டிகளில் கூறியுள்ளனர். இளையவர்களின் போட்டிகளில் ஒரு கட்டம் வரை இருவரும் ஒத்துழைத்து ஆடுவார்கள். அதன் பிறகு ஒருவரை ஒருவர் உண்மையாகவே மூன்று எண்ணிக்கைக்கு அழுத்திப் பிடிக்க முயல்வார்கள். யார் பிடிக்கிறாரோ அவர் வென்றவர். யார் மேலே போவார், யார் வீட்டுக்குப் போவார் என்பதை நிர்வாகம் இப்படியும் சோதித்தது. அந்தப் பட்டறையிலிருந்து மேலே வந்தவரை வீராங்கனை என்று அழைக்க எனக்குத் தயக்கம் இல்லை.

முடிவு தெரிந்திருந்தாலும் விழுவது உடல்தான். கூண்டின் உயரத்தை யாரும் எழுதிக் குறைக்க முடியாது.

கேள்வி: பட்டத்தை யாரிடம் இழந்தார்? அதன் பிறகு அவருடைய மதிப்பு குறைந்துவிட்டதா?

1992 நவம்பர் 26, கவாசாகி. அஜா காங்கிடம்தான் இழந்தார். கூண்டுப் போட்டி முடிந்து இரண்டு ஆண்டுகளாக அஜா மறுபடி மறுபடி மோதித் தோற்று, ஒவ்வொரு தோல்வியிலும் சற்று உயர்ந்து, கடைசியில் அந்த இரவில் சிவப்பு பெல்ட்டைக் கைப்பற்றினார். நகானோ பட்டத்தை முன்பே விட்டுக்கொடுத்திருந்தால் அஜா இன்னொரு சாம்பியனாக மட்டும் இருந்திருப்பார். அத்தனை நாள் யாராலும் அசைக்க முடியாதவராக அவர் நின்றதால்தான், அசைத்தவர் ஒரே இரவில் பேராளுமை ஆனார். அஜா 1995 மார்ச்சில் மனாமி டொயோட்டாவிடம் இழக்கும் வரை பட்டத்தை வைத்திருந்தார்.

அந்த நாளைக் கவனியுங்கள். நகானோவுக்கு இருபத்தைந்து வயது நிறைய ஆறு வாரங்களே இருந்தன. பழைய விதிப்படி பார்த்தால் அது விடைபெறும் நேரம். அவர் போகவில்லை. அதே இரவின் நிகழ்ச்சியில் போட்டி நிறுவனமான ஜேடபிள்யூபியின் டைனமைட் கன்சாய், மயூமி ஒசாகி இணை வந்து மோதியது. நிறுவனங்களுக்கு இடையிலான போட்டிகளின் பொற்காலம் தொடங்கியிருந்தது. பத்தொன்பது வயதுப் பெண்களை மட்டும் வைத்து அந்தப் போர்களை நடத்த முடியாது, அனுபவம் தேவைப்பட்டது. வயது விதி அப்படியே செயலிழந்தது. ஜூடோ உலகப் போட்டியில் முன்பு பதக்கம் வென்றிருந்த ஷினோபு கந்தோரியோடு, மணிக்கட்டுகளைச் சங்கிலியால் பிணைத்துக்கொண்டு 1994இல் நகானோ மோதியது இந்தக் காலத்தில்தான்.

கேள்வி: சிறு வயதில் கேபிள் தொலைக்காட்சியில் டபிள்யூடபிள்யூஎஃப் பார்த்தபோது அலுன்ட்ரா பிளேஸோடு மோதிய ஒரு ஜப்பானியப் பெண்ணைக் கண்டு பயந்திருக்கிறேன். அவர்தானா இவர்?

அவரேதான். 1994இல் சக வீராங்கனை லூனா வாஷோனின் துணையோடு அவர் டபிள்யூடபிள்யூஎஃபுக்கு வந்தார். அப்போது அங்கே பெண்கள் பிரிவு என்பது ஏறத்தாழ ஒரே ஒருவர்: அலுன்ட்ரா பிளேஸ். மடூசா என்ற பெயரில் அவர் அதற்குச் சில ஆண்டுகள் முன்பு ஜப்பானில் இதே நிறுவனத்தில் தங்கிப் பயின்றவர். ஆகவே நகானோவின் வேகத்துக்கும் அடிக்கும் ஈடுகொடுக்கத் தெரிந்தவர். 1994 ஆகஸ்ட் 29 அன்று சிகாகோவில் நடந்த சம்மர்ஸ்லாமில் இருவரும் மோதினார்கள்; பிளேஸ் வென்றார். அமெரிக்கப் பார்வையாளர்கள் பலர் பெண்களை அப்படி மோதப் பார்த்தது அதுவே முதல் முறையாக இருந்திருக்கும். முடியைப் பிடித்து இழுப்பதும் கன்னத்தில் அறைவதுமாக இருந்த இடத்தில் ஒருவர் மற்றவரைத் தலைகீழாகத் தூக்கிப் பின்னால் எறிந்தார்கள்.

பிறகு 1994 நவம்பர் 20 அன்று டோக்கியோ டோமில் ‘பிக் எக் ரெஸ்லிங் யூனிவர்ஸ்’ நிகழ்ச்சி. பெண்கள் மட்டுமே முன்னின்ற ஒரு நிகழ்ச்சிக்காக அந்தப் பேரரங்கம் திறந்தது. அறிவிக்கப்பட்ட கூட்டம் 42,500. பல நிறுவனங்களிலிருந்து வந்தவர்கள் பிற்பகலிலிருந்து நள்ளிரவை நெருங்கும் வரை மோதினார்கள். அங்கே நகானோ பிளேஸை வீழ்த்தி டபிள்யூடபிள்யூஎஃப் பெண்கள் பட்டத்தை வென்றார். அந்தத் தனிநபர் பட்டத்தை வென்ற முதல் ஜப்பானியர் அவர். அதற்கு முன் 1988இல் நொரியோ தாதெனோவும் இட்சுகி யமசாகியும் சேர்ந்த ‘ஜம்பிங் பாம் ஏஞ்சல்ஸ்’ டேக் டீம் (இருவர் இணை) பட்டத்தை வென்றிருந்தார்கள்.

1995 ஏப்ரல் 3 அன்று ‘ரா’ தொலைக்காட்சி நிகழ்ச்சியில் பட்டம் பிளேஸிடமே திரும்பிப் போனது. இந்த ஆட்சி சில மாதங்களே நீடித்ததால் புள்ளிவிவரப் பட்டியலில் அது சிறிய வரியாகத் தெரியும். என் கணிப்பில் அது தவறான அளவுகோல். ஜப்பானிய முறைப் பெண்கள் மல்யுத்தம் எப்படி இருக்கும் என்பதை அமெரிக்காவின் மிகப் பெரிய மேடையில் அவர் காட்டினார். அதை ஏற்று வளர்க்கும் மனம் அன்றைய நிர்வாகத்துக்கு இல்லை. அதே ஆண்டு இறுதிக்குள் பிளேஸும் வெளியேறி, அந்தப் பட்டத்தை எதிர் நிறுவனமான டபிள்யூசிடபிள்யூவின் மேடையில் குப்பைத் தொட்டியில் போட்டார். பெண்கள் பிரிவு ஆண்டுக்கணக்கில் முடங்கிக் கிடந்தது.

கேள்வி: டபிள்யூடபிள்யூஇயில் இப்போதுள்ள ஆஸ்காவும் நீங்கள் சொன்ன லயனஸ் ஆஸ்காவும் ஒருவரா?

வேறு வேறு ஆட்கள். இன்றைய ஆஸ்கா, பழைய லயனஸ் ஆஸ்காவின் மேல் கொண்ட மதிப்பால் அந்தப் பெயரை எடுத்துக்கொண்டவர்.

கேள்வி: மெக்சிகோவிலும் டபிள்யூசிடபிள்யூவிலும் அவர் ஆடியிருக்கிறாரா?

ஆம். மெக்சிகோவின் சிஎம்எல்எல் நிறுவனம் 1992இல் தன் உலகப் பெண்கள் பட்டத்தை நிறுவியபோது அதன் முதல் சாம்பியன் நகானோவே. டபிள்யூசிடபிள்யூவில் 1995 நவம்பரில் அகிரா ஹோகுதோவோடு இணைந்து மயூமி ஒசாகி, கியூட்டி சுசுகி இணையை வென்றார். 1996 ஆகஸ்டில் ஸ்டர்ஜிஸ் நகரில் மடூசாவோடு மறுபடியும் மோதினார். தோற்றவரின் மோட்டார் சைக்கிளை வென்றவர் உடைப்பது என்ற நிபந்தனை வேறு. இவ்வளவு பெரிய வீராங்கனையை அவ்வளவு சிறிய கதைக்குள் அடைத்தது எனக்கு இன்றும் வருத்தம்தான்.

கேள்வி: எடையும் பயமுறுத்தும் தோற்றமும் தவிர, நுட்பம் என்ற அளவில் அவர் எப்படி? மனாமி டொயோட்டாவின் ரசிகையாகக் கேட்கிறேன்.

டொயோட்டா காற்றில் பறப்பதைப் போல ஆடியவர். வேகத்திலும் துணிச்சலிலும் அவருக்கு இணை சொல்வது கடினம். நகானோவின் நுட்பம் வேறு வகை. அந்த உடலோடு அவர் மேல்கயிற்றில் ஏறி மூன்சால்ட் அடித்தார். அத்தனை எடை பின்பக்கமாகச் சுழன்று வருவதைப் பார்த்தால் அடி வாங்குபவருக்காக நாம் மூச்சை இழுத்துக்கொள்வோம். அவர் பெயரையே தாங்கிய பிடிகளும் உண்டு. எதிராளியின் கைகளையும் முதுகையும் ஒருசேர முறுக்கும் ‘புல்ஸ் ஏஞ்சலிட்டோ’ அவற்றில் ஒன்று.

ஆனால் அவருடைய உண்மையான நுட்பம் நேரத்தைக் கையாள்வதில் இருந்தது. எப்போது நிற்க வேண்டும், எப்போது மெதுவாக நடக்க வேண்டும், எதிராளி அடிக்கும்போது எத்தனையாவது அடியில் முதன்முதலாகத் தடுமாற வேண்டும் என்பதில் அவர் கணக்கு தவறியதே இல்லை. முதல் ஒன்பது அடிக்கு அசையாமல் நின்றுவிட்டு, பத்தாவது அடிக்கு ஒரு கால் பின்வாங்கினால், அந்த ஒரு கால் பின்வாங்கியதற்கு அரங்கமே எழுந்து நிற்கும். இளம் வீராங்கனைகள் கற்க வேண்டியது அவருடைய மூன்சால்ட்டை அல்ல, இதை.

கேள்வி: 1997க்குப் பிறகு என்ன ஆனார்? கோல்ஃப் ஆடினார் என்று படித்தேன். நம்ப முடியவில்லை.

நம்பலாம். காயங்கள் சேர்ந்து உடல் ஒத்துழைக்காமல் போகவே 1997இல் களத்தை விட்டு நின்றார். முறையான விடைபெறும் போட்டி அப்போது நடக்கவில்லை. பிறகு அமெரிக்காவுக்குக் குடிபெயர்ந்து தொழில்முறை கோல்ஃப் வீராங்கனையாக முயன்றார். எடையைப் பெருமளவு குறைத்துக்கொண்டார். இளம் பருவம் முழுவதையும் உடலைப் பெருக்குவதில் செலவிட்ட ஒருவர், முப்பது வயதில் அந்த உடலைக் கரைத்துவிட்டு, வேறொரு நாட்டில், வேறொரு விளையாட்டில் கடைநிலையிலிருந்து தொடங்கினார். அங்கே பெரிய பட்டங்கள் எதுவும் கிட்டவில்லை.

ஜப்பான் திரும்பிய பின் டோக்கியோவில் சிறிய மதுக்கூடம் ஒன்றை நடத்தினார். 2012 ஜனவரி 8, தம் நாற்பத்து நான்காம் பிறந்தநாளில், டோக்கியோ டோம் சிட்டி ஹாலில் தாமே ஏற்பாடு செய்த நிகழ்ச்சியில் முறையாக விடைபெற்றார். அதற்காக மீண்டும் எடையைக் கூட்டி, முடியை நட்டு நிறுத்தி, முகத்தைத் தீட்டிக்கொண்டு பழைய புல் நகானோவாக வந்து நின்றார். ரசிகர்கள் விடைகொடுக்க வேண்டியது அந்த உருவத்துக்குத்தான் என்பதை அவர் அறிந்திருந்தார்.

கேள்வி: டபிள்யூடபிள்யூஇ ஹால் ஆஃப் ஃபேமில் அவரைச் சேர்த்தது சரியான நேரத்திலா, காலம் தாழ்ந்தா?

காலம் தாழ்ந்துதான். ஜப்பானிய ஆண் வீரர்களில் இனோகியை 2010இலும், தத்சுமி ஃபுஜினாமியை 2015இலும், கிரேட் முட்டாவை 2023இலும் சேர்த்தார்கள். நகானோ 2024 ஏப்ரலில் ஃபிலடெல்ஃபியாவில் சேர்க்கப்பட்டார்; அந்தப் பெருமையைப் பெற்ற முதல் ஜப்பானியப் பெண் அவர். மேடைக்கு அவரை அறிமுகம் செய்துவைத்தவர் மடூசா. முப்பது ஆண்டுகளுக்கு முன் ஒருவரை ஒருவர் தூக்கி எறிந்த இருவர் அந்த மேடையில் அருகருகே நின்றதைக் கண்டு எனக்கு நிறைவாக இருந்தது. இப்போது அவர் ‘சுகெபன்’ என்ற புதிய பெண்கள் மல்யுத்த அமைப்பின் ஆணையராகவும் முகம் காட்டுகிறார்.

கேள்வி: இதுவரை அவருடைய ஒரு போட்டியைக்கூடப் பார்த்ததில்லை. எங்கிருந்து தொடங்கலாம்?

கூண்டுப் போட்டியில் தொடங்க வேண்டாம் என்பது என் ஆலோசனை. அஜாவை யாரென்று அறியாமல் பார்த்தால் அதில் இரத்தம் மட்டுமே கண்ணில் படும். முதலில் 1994 சம்மர்ஸ்லாம் போட்டியைப் பாருங்கள். பத்து நிமிடத்துக்கும் குறைவானது, ஆங்கில வருணனையும் உண்டு, அவருடைய நடையும் பலமும் உடனே பிடிபடும். அடுத்து டோக்கியோ டோமில் நடந்த மறுபோட்டி. அதே இருவர், ஆனால் பார்வையாளர்கள் வேறு என்பதால் வேகமும் அழுத்தமும் எப்படி மாறுகின்றன என்று ஒப்பிட்டுப் பார்க்கலாம். அதன் பிறகு 1990 நவம்பர் கூண்டுப் போட்டி. அது முடிந்ததும் இடையில் வேறெதையும் பார்க்காமல் 1992 நவம்பர் கவாசாகிப் போட்டிக்குப் போய்விடுங்கள். அதில் அஜாவைவிட நகானோவையே அதிகம் கவனியுங்கள். முக்கியமாக, கடைசி ஐந்து நிமிடங்களில் அவர் எந்த அடிக்குப் பிறகு எழத் தாமதிக்கிறார் என்று பாருங்கள்.